பாட்டியின் பத்திரத்தில் இருந்த ‘டான்’

ஈப்போ பேரன்:
என் பாட்டி பிறப்பால் சீனர். மலேசியாவில் இருப்பவர்களுக்கு இது புதிதல்ல. வறுமையால் வளர்க்க முடியாமல் கொடுத்துவிட்ட சீனப் பெண் குழந்தைகளைத் தமிழ்க் குடும்பங்கள் எடுத்து வளர்த்த கதை இங்கே பல வீடுகளில் உண்டு. பாட்டிக்குச் சீனத்தில் ஒரு சொல் தெரியாது. அவர் வைக்கும் கருவாட்டுக் குழம்புக்குத் தெருவே வாசம் பிடித்துக்கொண்டு வரும். போன தீபாவளிக்கு வீடு ஒதுக்கும்போது பிஸ்கட் டின்னில் அவருடைய பழைய பிறப்புப் பத்திரம் கிடைத்தது. அப்பா பெயர் இருக்கும் இடத்தில் மை கலைந்துவிட்டது. முதல் சொல், அதாவது குடும்பப் பெயர், மட்டும் தெளிவு: டான்.

அதை எடுத்துக்கொண்டு கோலாலம்பூரில் பெட்டாலிங் சாலைக் கோடியில் இருக்கும் சான் சீ சூ யுவென் போனேன். சான் என்ற குடும்பப் பெயர் உள்ளவர்கள் 1906இல் கட்டி முடித்த குலமண்டபம். கூரை முகடு முழுக்கப் பீங்கான் உருவங்கள். சான் குடும்பத்தார் இடத்தில் டானுக்கு என்ன வேலை என்று தயங்கித்தான் உள்ளே போனேன். அங்கிருந்த பெரியவர் பத்திரத்தைப் பார்த்ததும் மலாயில் “சாமா, சாமா” என்றார். டானும் சானும் ஒன்றேதானாம். என் உள்ளங்கையில் விரலால் எழுதிக் காட்டினார்: இடப்பக்கம் காது, வலப்பக்கம் கிழக்கு.

அந்தச் சொல்லை மட்டும் வைத்துப் பாட்டியின் வீட்டார் யார் என்று எவ்வளவு தூரம் சொல்லலாம்? அனுபவம் உள்ளவர்கள் எழுதுங்கள்.

தோ பாயோ அக்கா:
தம்பி, நான் சிங்கப்பூரில் ஒரு மருந்தகத்தில் 22 வருஷம் பதிவு மேசையில் இருந்தவள். “டான்” என்று கூப்பிட்டால் மூன்று பேர் எழுந்து நிற்பார்கள். இங்கே சீனர்களிடம் மிக அதிகமாக உள்ள குடும்பப் பெயர் அதுதான். சீனர்களிலேயே வீட்டுப் பேச்சு பலவிதம். ஹோக்கியன், தியோச்சூ, ஹைனானீஸ் பேசும் வீடுகளில் டான். கேண்டனீஸ்காரர்களிடம் சான். ஹக்காக்காரர்கள் பலர் சின் என்று எழுதுவார்கள். சீனாவிலிருந்து வருபவர்கள் சென். எழுத்து ஒன்றே. வெள்ளைக்காரன் காலத்தில் அவரவர் வீட்டுப் பேச்சில் சொன்னார்கள், குமாஸ்தா காதில் விழுந்ததை எழுதிக்கொண்டார், அது அப்படியே நின்றுவிட்டது.

நானும் ஒருமுறை தவறியிருக்கிறேன். சீனாவிலிருந்து வந்த மாணவர் ஒருவர், பாஸ்போர்ட்டில் டான். பக்கத்தில் உட்கார்ந்திருந்த எங்கள் டான் அங்கிளிடம், “உங்க ஆளுதான்” என்றேன். இருவரும் காகிதத்தில் எழுதிப் பார்த்தார்கள். வேறு வேறு எழுத்து! அந்தப் பையனுடையது கேண்டனீஸில் ‘டாம்’ என்று சொல்லும் பெயர். சீனத்தை ஆங்கில எழுத்தில் எழுதச் சீன அரசு 1958இல் கொண்டுவந்த பின்யின் முறையில் அதுதான் டான், அங்கிளுடையது சென். ஒரே மாதிரி எழுதியவர்கள் சொந்தமில்லை, வேறு மாதிரி எழுதுகிறவர்கள் ஒரே குலம். அன்றிலிருந்து, எழுதிக் காட்டச் சொல்லாமல் நான் யாரையும் உறவு சேர்ப்பதில்லை.

முடிந்தால் மெகசின் ரோட்டில் உள்ள டான் குலக்கோயிலுக்கு ஒரு நடை போய் வாருங்கள். டான் டோக் செங் மகன் டான் கிம் சிங்கும், டான் பெங் சுவீயும் முன்னின்று 1870களில் எழுப்பியது. அங்கே கும்பிடும் தெய்வம் ஒரு மனிதர்தான்: சீனாவின் ஃபுஜியானில் சாங்சோ ஊரை 7ஆம் நூற்றாண்டில் உருவாக்கிய தளபதி சென் யுவான்குவாங்.

பழைய ஒலி:
அக்கா சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். ‘சென்’தான் அசல், ‘டான்’ கொச்சை என்று என் சீன நண்பர்களே சொல்லக் கேட்டிருக்கிறேன். அது சரியல்ல. அந்தப் பெயரின் முதல் ஒலி பழஞ்சீனத்தில் ட-வை ஒட்டியது. வடக்கே அது பிறகு ச ஆனது. ஹோக்கியனும் தியோச்சூவும் அதற்கு முன்பே பிரிந்த கிளைகள், பழைய ஒலியை விடவில்லை. உங்கள் பாட்டியின் பத்திரத்தில் இருப்பது மூத்த ஒலி.

சான்று வரலாற்றிலேயே உண்டு. சுமார் 3000 ஆண்டுகளுக்கு முன் சீனாவின் சோ வம்ச மன்னர் வூ, பழைய அரசர் ஷுன் வழிவந்தவர் என்று கருதப்பட்ட ஒருவருக்கு இன்றைய ஹெனானில் ஹுவாயாங் பக்கம் ஒரு சிற்றரசு கொடுத்தார். அந்த நாட்டின் பெயர்தான் சென். கி.மு. 672இல் அங்கிருந்து ஓர் இளவரசர் சீ நாட்டுக்குத் தப்பி ஓடினார். அவர் வழியினர் தங்களை ‘தியென்’ என்று அழைத்துக்கொண்டார்கள், கடைசியில் சீ நாட்டின் அரியணையையே பிடித்தார்கள். இன்று சென், தியென் இரண்டும் வேறு பெயர்கள். அன்று கேட்பதற்கு ஏறக்குறைய ஒன்று.

காது என்று பெரியவர் சொன்னது பேச்சு வழக்கு. இடப்பக்கம் வரும் அந்தக் குறி உண்மையில் மேட்டுநிலத்தைக் குறிப்பது. ஆனாலும் “காது-கிழக்கு சென்” என்றால்தான் எல்லாருக்கும் புரியும்.

சிபு டீச்சர்:
சரவாக்கில் எங்கள் ஊர் ஃபூச்சோ மக்களிடம் இதே எழுத்து ‘திங்’. என் முன்னாள் மாணவி திங், அவள் காதலித்த பையன் டான். படிவத்தில் எந்தச் சிக்கலும் இல்லை. பையனின் பாட்டிதான் கல்யாணப் பத்திரிகையின் சீனப் பக்கத்தைப் பார்த்துவிட்டு, அண்ணன் தங்கைக்குக் கல்யாணமா என்று ஒரு வாரம் சாப்பிடவில்லை. ஒரே கோத்திரம் என்று நம் பக்கம் மறுப்பார்களே, அதே மனம். கல்யாணம் நடந்தது. பாட்டியும் வந்தார்.

மேடான்வாசி:
எங்கள் பக்கம் டான் தேடினால் கிடைக்காது. 1966க்குப் பிறகு சீனர்கள் இந்தோனேசியப் பெயர் வைக்கும்படி ஆனது. என்னுடன் வேலை பார்த்தவர் பெயர் தானுவிஜாயா. அந்த ‘தான்’தான் இது என்று அவரே சொன்னார், குரலைத் தாழ்த்தி.

ஈப்போ பேரன்:
எல்லாருக்கும் நன்றி. ஆக, ஹோக்கியன், தியோச்சூ, ஹைனானீஸ் மூன்றில் ஒன்று. அதற்கு மேல் அந்தச் சொல் பேசாது.

நேற்று ஒரு வெள்ளைத் தாளில் அந்த எழுத்தைப் பெரிதாக எழுதிப் பாட்டியிடம் கொடுத்தேன். சாங்சோ, ஹுவாயாங் என்று நான் சொன்னதெல்லாம் காதில் ஏறியதாகத் தெரியவில்லை. கோடுகளின் மேல் விரலை வைத்துத் தடவிப் பார்த்தார். “எங்கப்பாவுக்கு இதை எழுதத் தெரிஞ்சிருக்குமா?” என்று கேட்டார். அவர் அப்பா என்றால் இதுவரை எங்களுக்கு ஒருவர்தான், அடையாள அட்டையில் பாட்டி பெயருக்குப் பின்னால் இருக்கும் பால்மரம் வெட்டிய தமிழர். நேற்றுதான் முதல்முறை அந்தச் சொல்லால் வேறொருவரைச் சொன்னார்.

தாளை நான்காக மடித்து, பத்திரத்தோடு அதே டின்னில் வைத்துக்கொண்டார்.