முகநூல் லிங்க் போட்டும் யாரும் சேர முடியல, எங்கே தப்பு?

பாம்பன்காரன்:
மீன்பிடித் தடைக்காலம் ஜூன் 14 வரைக்கும். அதுக்குள்ள கருவாட்டுக்கு மதுரை, பரமக்குடிப் பக்கம் ஆள் பிடிக்கணும். முகநூல் புரொஃபைல் லிங்க்கை அஞ்சாறு குழுவில் போட்டேன். தட்டினா பூட்டுப் படம்தான் வருதாம், 'ஆட் ஃபிரெண்ட்' பொத்தானே இல்லையாம். இன்ஸ்டாவில் படத்துக்குக் கீழ எழுதின லிங்க்கோ தட்டினாலும் திறக்கல. லிங்க்கே தப்பா?

கீழக்கரை வாசி:
லிங்க் சரிதான் தம்பி, ரெண்டு கதவு சாத்தியிருக்கு. பூட்டுப் படம்னா புரொஃபைல் லாக் போட்டிருக்கீங்க. பொத்தான் காணாமப் போனது வேற விஷயம்: செட்டிங்ஸில் நட்பு அழைப்பு யார் அனுப்பலாம்ங்கிற இடத்தில் 'ஃபிரெண்ட்ஸ் ஆஃப் ஃபிரெண்ட்ஸ்'னு இருக்கும். பொது நண்பர் ஒருத்தர்கூட இல்லாத மதுரைக்காரருக்கு அப்போ பொத்தான் வராது. 'எவ்ரிவன்' ஆக்குங்க.

பூட்டைத் திறக்குமுன் 'லிமிட் பாஸ்ட் போஸ்ட்ஸ்' ஒரு தடவை தட்டிருங்க. வெளியே தெரியுற பழைய பதிவெல்லாம் நண்பர்களுக்கு மட்டும்னு மொத்தமா மாறிடும். திருப்பணும்னா ஒவ்வொண்ணாத்தான் திருப்பணும், அதனால யோசிச்சுத் தட்டுங்க. வீட்டுப் பெண்பிள்ளைங்க படம் இருந்தா இதுதான் முதல் வேலை. பிறகு கருவாட்டுப் படங்களை மட்டும் 'பப்ளிக்' ஆக்குங்க.

சோதிக்கிறது உங்க போன்ல வேண்டாம், அதுல எப்பவும் நல்லாத்தான் தெரியும். நட்புப் பட்டியலில் இல்லாத ஒருத்தர் போன்ல திறந்து பாருங்க.

தொண்டிக் கரை:
இன்ஸ்டாவில் படத்துக்குக் கீழயும் கமெண்டிலயும் எழுதுற லிங்க் வெறும் எழுத்துதான், தட்ட முடியாது. பயோவில் 'லிங்க்ஸ்' பகுதியில் போடணும், அஞ்சு வரைக்கும் இடம் உண்டு. இல்லைன்னா ஸ்டோரியில் லிங்க் ஸ்டிக்கர். ஆனா அங்க முகநூல் லிங்க்கைக் கொடுக்காதீங்க. இன்ஸ்டாவுக்குள்ள இருக்கிற பிரவுசரில் திறந்து மறுபடி லாகின் கேட்கும், பாதிப் பேர் அங்கேயே திரும்பிடுவாங்க. வாட்ஸ்அப் லிங்க் கொடுங்க: wa.me, சாய்கோடு (/), 91, அடுத்து உங்க நம்பரோட பத்து இலக்கம். கூட்டல் குறி, முன்னால பூஜ்யம், இடைவெளி எதுவும் கூடாது. வாட்ஸ்அப் பிசினஸ்ல 'ஷார்ட் லிங்க்' தானாவே கிடைக்கும், "நெத்திலி விலை என்ன?"னு முதல் வரியையும் அதிலயே எழுதி வைக்கலாம். நம்பர் ஊரெல்லாம் போகும், வியாபாரத்துக்குத் தனி சிம் வச்சுக்கிறது நல்லது.

பாம்பன்காரன்:
ரெண்டையும் மாத்தியாச்சு அண்ணே, பொத்தான் வந்துருச்சு. ஆனா ஒரு குழுவில் என் பதிவையே தூக்கிட்டாங்க.

கீழக்கரை வாசி:
ஒரே வாசகத்தையும் ஒரே லிங்க்கையும் மளமளன்னு அஞ்சு இடத்துல ஒட்டினா முகநூல் அதை ஸ்பேம்னு, அதாவது தொல்லை விளம்பரம்னு எடுத்துக்கும். ஒரு குழு, ஒரு புதுப் படம், பிறகு இடைவெளி விடுங்க. பதிவில் சரக்கைச் சொல்லுங்க: நெத்திலியா சீலாவா, எத்தனை கிராம் பாக்கெட், உப்புப் போட்டதா, கூரியர் யார் செலவு. லிங்க்கை அந்த முகநூல் பதிவோட முதல் கமெண்டில் வைங்க.

இன்னொண்ணு, லிங்க்ல நீளமா எண் இருந்தா யூசர்நேம் வச்சுக்கோங்க: ஆங்கில எழுத்து, எண், புள்ளி மட்டும், அஞ்சுக்குக் குறையாம. பாக்கெட் லேபிளில் அச்சடிச்ச பிறகு அதை மாத்தினா லேபிள் அத்தனையும் வீண்.

தொண்டிக் கரை:
5000 நண்பரோட புரொஃபைல் நிரம்பிடும், அப்புறம் புது ஆளைச் சேர்க்க முடியாது. ஆர்டர் பெருகுற மாதிரி தெரிஞ்சா இப்பவே தனிப் பேஜ் திறந்து அந்த லிங்க்கையே லேபிளில் போடுங்க.