பெற்றவள் மட்டுமே வளர்ப்பதுதான் இயற்கையா?

கேள்வி: வாசகி, பத்தாங் பெர்ஜுந்தை

பேறுகால விடுப்பின் 98 நாள்களும் முடிந்து, என் தங்கை அடுத்த மாதம் வேலைக்குத் திரும்புகிறாள். குழந்தையை எங்கள் அம்மா பார்த்துக்கொள்வார். இதை அறிந்த உறவினர் ஒருவர், "குரங்குகூடத் தன் குட்டியை மார்போடு அணைத்துக்கொண்டுதான் மரம் தாவுகிறது, பெற்றவளே வளர்ப்பதுதான் இயற்கை" என்று சொல்லிவிட்டார். அந்தச் சொல் தங்கையை மிகவும் வருத்திவிட்டது. ஆனால் கோலசிலாங்கூர் புக்கிட் மெலாவாத்தியில், லோத்தோங் குரங்கின் ஆரஞ்சு நிறக் குட்டியைப் பெண் குரங்குகள் பல மாறி மாறி வாங்கி வைத்துக்கொள்வதை நான் பார்த்திருக்கிறேன். இதைப் பற்றி உயிரியல் என்ன சொல்கிறது? ஆறுதலுக்காக அல்ல, உண்மையை அறியவே கேட்கிறேன்.

மறுமொழி 1: ஓய்வுபெற்ற உயிரியல் ஆசிரியர், ஈஜோக்

நீங்கள் பார்த்தது சரியே. லோத்தோங் குட்டி ஆரஞ்சு நிறத்தில் பிறந்து, சில மாதங்களில்தான் பெரியவற்றின் கருஞ்சாம்பல் நிறத்துக்கு மாறுகிறது. அந்தக் காலத்தில் கூட்டத்திலுள்ள மற்றப் பெண் குரங்குகள் அதைச் சுமப்பதும், தாய் அந்நேரத்தில் நிம்மதியாக இலை தின்பதும் இவ்வினத்தின் வழக்கம். நம் ஊர்களில் திரியும் நீண்டவால் குரங்கின் தாயோ, கைக்குட்டியை எளிதில் பிறரிடம் விடுவதில்லை. ஆகவே எல்லாக் குரங்குகளையும் ஒன்றாக்கி, அதிலிருந்து மனிதருக்கு விதி எழுத முடியாது.

அதே காரணத்தால், லோத்தோங்கைக் காட்டி உங்கள் உறவினருக்குப் பதில் சொல்வதும் சரியாகாது. அதன் மரபும் நம் மரபும் பிரிந்து இரண்டரைக் கோடி ஆண்டுகளாவது ஆகிவிட்டன. நமக்கு மிக நெருங்கிய மனிதக் குரங்குகளிடம் இந்தப் பழக்கம் இல்லை. ஓராங் ஊத்தான் தாய் ஏறக்குறையத் தனியாகவே குட்டியை வளர்க்கிறது. அடுத்த குட்டி பிறக்க 7, 8 ஆண்டுகள் ஆகின்றன. சிம்பன்சிக்கு இந்த இடைவெளி 5, 6 ஆண்டுகள். வேட்டையாடியும் கிழங்கு, கனி சேகரித்தும் வாழும் மனிதச் சமூகங்களில் அது 3, 4 ஆண்டுகள்தான். இத்தனைக்கும் சொந்தக் காலில் நிற்க மிக நீண்ட காலம் எடுப்பது மனிதப் பிள்ளையே. மூத்தது தானே உணவு தேடத் தொடங்குவதற்கு வெகு முன்பே இளையது பிறந்துவிடும் நிலையில், இருவருக்கும் வேண்டிய உணவை ஒருத்தி மட்டும் தேடித் தந்திருக்க இயலாது. பாட்டி, தமக்கை, தந்தை, அத்தை ஆகியோரின் துணை இருந்ததால்தான் நம் இனம் இப்படிப் பெருகியது என்று மானிடவியலாளர் சாரா பிளாஃபர் ஹர்டி வாதிடுகிறார். தான்சானியாவின் ஹாட்சா மக்களிடையே கிறிஸ்டன் ஹாக்ஸ் முதலியோர் நடத்திய ஆய்வில், பிள்ளைபெறும் வயதைக் கடந்த பாட்டிகள் கிழங்கு தோண்டிப் பேரப்பிள்ளைகளுக்கு ஊட்டியது பதிவாகியுள்ளது.

குழந்தையின் உடலும் இதற்கேற்பவே இருக்கிறது. பிறக்கும்போது மனிதக் குழந்தையின் மூளை, முழு வளர்ச்சியில் மூன்றில் ஒரு பங்குகூட இருப்பதில்லை. சிம்பன்சிக் குட்டிக்கோ ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்கு இருக்கும். நிமிர்ந்து நடப்பதற்கேற்ப அமைந்த இடுப்பெலும்பே இதற்குக் காரணம் என்று நாங்கள் படித்தோம். கருவுக்கு ஊட்டம் தரும் தாயுடலின் ஆற்றல் ஓர் எல்லையை எட்டிவிடுவதே காரணம் என்று 2012இல் மாற்று விளக்கம் ஒன்று முன்வைக்கப்பட்டது. எதுவாயினும், வைணவர் பேசும் மர்க்கட நியாயத்தில் குரங்குக்குட்டி தாயைத் தானே பற்றிக்கொள்வதுபோல நம் குழந்தையால் பற்றிக்கொள்ள முடியாது. உள்ளங்கையைத் தொட்டால் விரலை இறுக்கும் அனிச்சைச் செயல் மிஞ்சியிருக்கிறது. பற்றிக்கொள்ள அம்மாவின் உடலில் அடர்ந்த மயிர் இல்லை, குழந்தையின் பாதமும் பிடிக்கும் பாதமன்று. யாராவது ஏந்தியே ஆகவேண்டும்.

மறுமொழி 2: தாதி, தஞ்சோங் காராங்

ஆசிரியர் ஐயா சொன்னதை ஏற்கிறேன். ஆனால் பிரிவினால் உடலில் எந்த மாற்றமும் வராது என்று யாரும் எண்ணிவிடக் கூடாது. தாய்ப்பாலில் கொழுப்பு ஏறக்குறைய 4 விழுக்காடு, புரதம் 1 விழுக்காடு மட்டுமே. நாளுக்கு ஒருமுறை மட்டும் பாலூட்டும் முயலின் கெட்டிப் பாலைப் போலன்றி, இது அடிக்கடி ஊட்டுவதற்காக அமைந்த பால். மார்பிலிருந்து பால் எடுக்கப்படாமல் தங்கினால் சுரப்பு குறைந்துவிடும். எனவே உங்கள் தங்கை வேலை நேரத்திலும் 3, 4 மணி நேரத்துக்கு ஒருமுறை பாலைப் பீய்ச்சி எடுக்க வேண்டும். நம் வெயிலில் அதை வெளியே வைக்காமல் உடனே குளிர்பெட்டியில் வைத்தால் 4 நாள் வரை கொடுக்கலாம். இன்னொன்றையும் அவரிடம் சொல்லுங்கள்: குழந்தை அடிக்கடி சப்புவதால்தான் கருமுட்டை வெளிப்படுவது தள்ளிப்போகிறது, ஆகவே பாலூட்டும் இடைவெளி நீளும்போது மறுபடி கருத்தரிக்காமல் காக்கும் அந்தப் பாதுகாப்பை நம்ப முடியாது.

மறுமொழி 3: முன்னாள் தோட்டத்துப் பிள்ளை, ரவாங்

எங்கள் தோட்டத்தில் விடியுமுன் பிரட்டுக்கு (வேலைக்கு முன் ஆள்கணக்கெடுப்புக்கு)ப் போகும் தாய்மார்கள், தூங்கும் பிள்ளைகளை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டுத்தான் பால்மரம் வெட்ட (ரப்பர் பால் எடுக்க)ப் போனார்கள். 'பெற்றவளே வளர்ப்பது இயற்கை' என்று அவர்களிடம் யாரும் சொல்லியிருக்க முடியாது. ஆனால் அந்த ஏற்பாட்டைப் பழங்குடிச் சமூகத்தின் பல கைகளோடு ஒப்பிடுவதும் தவறு: அங்கே ஒரு பிள்ளைக்குப் பல பெரியவர்கள், கொட்டகையிலோ ஓர் ஆயாவுக்குப் பல பிள்ளைகள். உங்கள் தங்கையின் குழந்தை அறிந்த மடியிலேயே இருக்கப் போகிறது. இந்த வேறுபாடு மிகப் பெரியது என்பது என் உறுதியான கருத்து.

எனக்கு உறுத்துவது வேறொன்று. இத்தனை பேச்சிலும் குழந்தையின் தகப்பனைப் பற்றி ஒரு கேள்வியும் இல்லை. பிரேசர் மலைக் காட்டில் வாழும் வாலில்லாக் குரங்கான சியாமாங்கில், குட்டிக்கு ஒரு வயதானபின் அதைச் சுமப்பது பெரும்பாலும் ஆண்தான். மனித ஆணின் உடலும் இதற்குப் புறம்பானதன்று: பிலிப்பைன்ஸின் செபுவில் நடந்து 2011இல் வெளியான ஆய்வில், தந்தையான இளைஞர்களின் டெஸ்டோஸ்டிரோன் என்னும் ஆண் இயக்குநீரின் அளவு குறைந்தது, நாளுக்கு 3 மணி நேரத்துக்கு மேல் பிள்ளையைக் கவனித்தவர்களிடம் அது இன்னும் தாழ்ந்திருந்தது. இங்கே மலேசியாவில் 2023 முதல் தந்தைக்கும் 7 நாள் விடுப்பு சட்டமாகியுள்ளது. அதற்குப் பிந்திய இரவுகளில் குழந்தையை யார் ஏந்துவது என்பதை உங்கள் தங்கையும் அவர் கணவரும், தங்கை வேலைக்குத் திரும்புமுன்பே பேசி முடிவு செய்யட்டும்.