ஊர்ப் பெயரை மறைக்கச் சொல்கிறார், என்ன செய்வது?

அளிக்கம்பைப் பிள்ளை
எனக்கு 24 வயது. ஊர் இலங்கையின் கிழக்கே அளிக்கம்பை, தெலுங்கு பேசும் பாம்பாட்டிச் சமூகத்தவர் இருக்கும் ஊர். வீட்டில் தெலுங்கு, வெளியில் தமிழ். அக்கரைப்பற்றில் உடுப்புக் கடையில் வேலை செய்யும்போது கோளாவில் என்ற ஊர்ப் பக்கத்துப் பொடியன் ஒருவருடன் பழக்கமாகி இப்போது கலியாணம் பேசும் அளவுக்கு வந்துவிட்டது. நல்லவர், என்னை ஒருநாளும் குறைவாகப் பேசியதில்லை. ஆனால் அவருடைய அம்மா, "பாம்பாட்டி வீட்டிலா போய் இருக்கப்போகிறாய்?" என்று கேட்டிருக்கிறா. இந்தப் பக்கம் மாப்பிள்ளைதானே பெண் வீட்டுக்கு வருவது. குடி என்கிற குலப்பிரிவும் தாய்வழி, அதனால் பேரப்பிள்ளைகளைக் கோயிலில் எந்தக் குடியில் சேர்ப்பது என்று அழுகையாம். இவர் என்னிடம், தங்கச்சியின் கலியாணம் முடியும்வரை சொந்தக்காரர் கேட்டால் அக்கரைப்பற்று என்று மட்டும் சொல்லு என்கிறார். எங்கள் அப்பாவுக்கும் விருப்பமில்லை, அவர்களோடு சேர்ந்தால் நம் பாஷையில் பேசவே வெட்கப்படுவாய் என்கிறார்.

திருக்கோவில் அக்கா
தங்கச்சி, பொறுத்திருக்கச் சொல்வது எனக்கு விளங்குகிறது, இங்கே சகோதரிக்குச் சீதன வீடு கட்டிக் கொடுக்காமல் ஆண்பிள்ளை கலியாணம் கட்டினால் ஊரே பேசும். ஆனால் மறைப்பது வேறு விஷயம். நாளைக்கு உங்கள் அம்மா வாசலில் வந்து நின்றால் யார் என்று சொல்வார்? இதை அவரிடமே கேளுங்கள்.

வயல்காரன்
அந்தத் தாயைக் கெட்டவ என்று சொல்லமாட்டேன். கோயிலை நிர்வகிக்கும் வண்ணக்கர் பதவி, திருவிழா முறை எல்லாம் எங்கள் கோயில்களில் குடியை வைத்துத்தான் நடக்குது, அந்தப் பயம் உண்மையானது. சரி, மகன் யாழ்ப்பாணத்துப் பெண்ணைக் கட்டினால் இந்தக் கேள்வி வருமா? அங்கேயும் இந்தக் குடிமுறை கிடையாது, ஆனால் சந்தோசமாகக் கட்டிவைப்பார்கள். அப்போ பிரச்சினை குடி இல்லை, நீங்கள் பிறந்த ஊர். அதை அம்மாவிடம் பேசவேண்டியது பொடியன்தான், நீங்கள் இல்லை.

எழுத்து விஷயம்
இரண்டு பேருக்கும் 18 தாண்டியிருந்தால் தாய் தகப்பன் சம்மதம் சட்டப்படி தேவையில்லை. பதிவாளரிடம் அறிவித்தல் கொடுத்து 12 நாளுக்குப் பிறகு எழுத்து, அதாவது கலியாணப் பதிவு வைக்கலாம், வேறு வேறு பதிவாளர் பிரிவு என்றால் இரண்டிலும் கொடுக்கவேணும். அதில் உங்கள் முகவரி வரும், ஊரை மறைக்கவும் முடியாது. ஆனால் அப்பாவிடம் சொல்லாமல் செய்யாதீங்க, அவர் பயப்படுவதிலும் நியாயம் இருக்கு.

அளிக்கம்பைப் பிள்ளை
யாழ்ப்பாணக் கதையை அவரிடம் அப்படியே சொன்னேன், கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு அம்மாவிடம் கேட்கிறேன் என்றார். ஞாயிறு பூசை முடிய வீட்டுக்கு வந்து அப்பாவோடு கதைக்கச் சொல்லியிருக்கிறேன். வராவிட்டால் எழுத்து பற்றி யோசிக்கவே மாட்டேன்.