ஷுஃப்டான் ஆடிமுறை: பெயரோடுதான் இருக்க வேண்டும்

நண்பர்களுக்கு வணக்கம்.

நாம் தொகுத்துவரும் திரைத்தொழில் தமிழ்ச் சொற்பட்டியலில், ஒளிப்பதிவாளர் ஆய்கன் ஷுஃப்டான் பெயரில் வழங்கும் ஷுஃப்டான் முறைக்கு (சிறிய மாதிரியையும் நடிகரையும் கண்ணாடி வழியே ஒரே சட்டகத்தில் சேர்க்கும் படப்பிடிப்பு உத்தி) இதுவரை மூன்று பரிந்துரைகள் வந்திருக்கின்றன: கண்ணாடித் தந்திரம், பிரதிபலிப்பு முறை, ஆடிக்கலப்பு. மூன்றிலும் அந்த மனிதரின் பெயர் இல்லை. “ஆள் பெயரை விட்டுவிட்டுச் செயலைச் சொன்னால் மாணவருக்குப் புரியும்” என்று நம் குழுவின் பெரியவர் ஒருவர் எழுதியிருந்தார். பொதுவாக நானும் அந்தப் பக்கம்தான். இந்த ஒரு சொல்லில் மட்டும் மாறுபடுகிறேன்.

முதலில் செய்முறையைப் பார்த்துவிடுவோம். கேமராவுக்கு முன்னால் 45 பாகைச் சாய்வில், ரசம் பூசிய முகம் பார்க்கும் கண்ணாடி ஒன்றை நிறுத்துவார்கள். ஓர் அரங்கத்தையோ கோபுரத்தையோ சிறிய மாதிரியாகச் செய்து, அது கண்ணாடியில் முழு அளவுக் கட்டடம்போல் தெரியும்படி பக்கவாட்டில் வைப்பார்கள். கேமரா வழியாகப் பார்த்து, நடிகர்கள் தெரியவேண்டிய பகுதியைக் கண்ணாடிமேல் குறித்துக்கொள்வார்கள். அந்தப் பகுதியில் மட்டும் ரசத்தைச் சுரண்டி எடுத்துவிட்டால் ஒளி ஊடுருவும் வெறும் கண்ணாடி மிஞ்சும். அதன் வழியே, வெகுதூரம் தள்ளி நிற்கும் நடிகர்கள் தெரிவார்கள். மாதிரியும் மனிதரும் ஒரே நேரத்தில், ஒரே நெகட்டிவில் பதிவாகிவிடும். ஃபிலிமைப் பின்னால் சுற்றி மறுபடி பதிய வேண்டியதில்லை, லேபில் ஒட்டுவேலையும் இல்லை. ஃபிரிட்ஸ் லாங்கின் ‘மெட்ரோபோலிஸ்’ (1927) படத்தில் செல்வந்தர் பிள்ளைகள் ஓடும் அந்தப் பிரம்மாண்ட விளையாட்டரங்கம் இப்படி எடுத்ததுதான். ஓடுபவர்கள் நிஜம், மேலே எழும் சுவரோ சிறிய மாதிரி. 1929இல் ஹிட்ச்காக் ‘பிளாக்மெயில்’ படத்தின் துரத்தல் காட்சியை லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் வைத்தார். உள்ளே படமெடுக்க வெளிச்சம் போதாததால், கூடங்களைப் புகைப்படமாக எடுத்து இதே முறையில் நடிகர்களோடு சேர்த்தார்.

கஷ்டங்களும் உண்டு. கேமராவை அசைக்க முடியாது. அருகிலுள்ள மாதிரியும் தூரத்து நடிகரும் சேர்ந்தே ஃபோகஸில் இருக்க வேண்டும், அதற்கு ஏகப்பட்ட வெளிச்சம் வேண்டும். நடிகர் கையைச் சற்று அதிகம் நீட்டினால், ரசம் தொடங்கும் கோட்டில் கை துண்டிக்கப்பட்டதுபோல் மறைந்துவிடும்.

இப்போது பரிந்துரைகளுக்கு வருகிறேன். ‘கண்ணாடி’ என்றால் நமக்கு முகம் பார்ப்பது, ஜன்னலில் இருப்பது, மூக்கில் மாட்டுவது மூன்றும்தான். இங்கே அது பெரிய சிக்கல். ஏனென்றால், வெறும் கண்ணாடிப் பலகையில் கட்டடத்தை வரைந்து, வரையாத பகுதி வழியே நடிகரைப் படமெடுக்கும் வேறொரு முறையும் இருக்கிறது. அதைக் ‘கண்ணாடி ஓவிய முறை’ என்று இதே பட்டியலில் ஏற்கெனவே சேர்த்துவிட்டோம். இரண்டும் குழம்பக்கூடாது என்றால் இதற்கு ‘ஆடி’தான் சரி. சமதள ஆடி, குழி ஆடி, குவி ஆடி என்று பள்ளிக்கூட இயற்பியலிலேயே படித்துவிட்டு வருகிறார்கள். ஆடி மாதத்தோடு குழம்புமே என்ற கவலை தேவையில்லை.

‘தந்திரம்’ வேண்டாம். பழைய படங்களின் டைட்டிலில் ‘தந்திரக் காட்சிகள்’ என்று போடுவார்களே, அது எல்லா உத்திகளுக்கும் பொதுப்பெயர். ‘பிரதிபலிப்பு’ பாதி உண்மை மட்டும், மறுபாதி ஊடுருவல். ‘கலப்பு’ தவறாகவே வழிகாட்டும். இங்கே எதுவும் எதனோடும் கலப்பதில்லை. சட்டகத்தில் மாதிரிக்கு ஓர் இடம், நடிகருக்கு ஓர் இடம். ஒலிக்கலவை என்ற சொல்லைக் கேட்டுப் பழகியவர், ஒரு பிம்பத்தின்மேல் இன்னொன்று படிவதாகத்தான் நினைப்பார்.

அப்புறம், பெயர். இதற்காகத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

ஆய்கன் ஷுஃப்டான் 1893இல் பிரெஸ்லாவில் பிறந்தவர். அந்த ஊர் இன்று போலந்தில் இருக்கிறது. ஓவியத்திலிருந்து சினிமாவுக்கு வந்தவர். யூதர் என்பதால் 1933இல் ஜெர்மனியை விட்டு வெளியேற நேர்ந்தது. பிரான்சில் மார்செல் கார்னேயின் ‘மூடுபனித் துறைமுகம்’ (1938) படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். பின்னாளில் பெரும் பெயரெடுத்த ஒளிப்பதிவாளர் ஆன்ரி அலெகான் அவரிடம் தொழில் பழகியவர். அங்கும் போர் வந்துவிட, அமெரிக்காவுக்குப் போனார். ஹாலிவுட்டில் ஒளிப்பதிவாளர் சங்கம் அவரை உறுப்பினராக்கவில்லை. உறுப்பினர் இல்லையென்றால் ஒளிப்பதிவாளர் என்று பெயர் போட முடியாது. அதனால் வேலையை அவர் செய்தார், டைட்டிலில் வேறொருவர் பெயர் வந்தது. எட்கர் உல்மரின் ‘புளூபியர்ட்’ (1944) ஒளிப்பதிவு ஜாக்கி ஃபைண்டெல் பெயரில்தான் வெளிவந்தது. தன் பெயரில் ஒரு முறையே வழங்கிவந்த ஒருவருக்கு, ஐம்பது வயதில், தான் எடுத்த படத்தில் பெயர் இல்லை. இதை எத்தனை முறை படித்தாலும் எனக்கு ஆறுவதில்லை.

போருக்குப் பிறகும் அவருக்கு நிலையான இடம் அமையவில்லை. அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலுமாக மாறி மாறி வேலை பார்த்தார். ஜார்ஜ் ஃப்ரான்ஜுவின் ‘முகமில்லாக் கண்கள்’ (1960) பிரான்சில் எடுத்தது. அதில் அந்த வெள்ளை முகமூடியின்மேல் விழும் ஒளியைப் பாருங்கள், தோலா மெழுகா என்று கண்ணுக்குப் பிடிபடாது. அடுத்த ஆண்டு நியூயார்க்கில் ராபர்ட் ராசனின் ‘தி ஹஸ்லர்’. பில்லியர்ட்ஸ் கூடம், புகை, மேசைக்கு மேலே தொங்கும் விளக்கு, கறுப்பு வெள்ளையில் சினிமாஸ்கோப்பின் அகலச் சட்டகம். தோற்றவனை ஓரத்தில் உட்காரவைத்து, நடுவே மேசையைக் காலியாக விட்டிருப்பார். சட்டகத்தில் எதற்கு எந்த இடம் என்று கண்ணாடியைச் சுரண்டிச் சுரண்டிக் கற்ற கை அது என்றே எனக்குத் தோன்றுகிறது. அந்தப் படத்துக்கு 1962இல், தமது 68ஆம் வயதில், கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் பெற்றார். 1977இல் நியூயார்க்கிலேயே காலமானார்.

டைட்டிலில் ஒருமுறை விடுபட்ட பெயரைச் சொற்பட்டியலிலிருந்தும் நாம் எடுக்கலாமா? ராமன் விளைவு, டாப்ளர் விளைவு என்று நாம் எழுதத்தானே செய்கிறோம்? பெயர் முன்னால் நிற்க, பின்னொட்டு செயலைக் காட்டினால் இரண்டு தரப்பும் நிறைவடையும். ஆகவே என் பரிந்துரை: ஷுஃப்டான் ஆடிமுறை.

எழுத்துக்கூட்டல் பற்றியும் கேட்டிருந்தார்கள். அவர் பெயரிலுள்ள ‘ü’ என்ற ஜெர்மன் உயிரொலியை அப்படியே கொண்டுவர நம்மிடம் எழுத்து இல்லை. ‘ஷ்யுஃப்டான்’ வாயில் நுழையாது. அமெரிக்கப் படங்களில் அவர் பெயரே ‘ஷுஃப்டான்’ என்று எளிதாகிவிட்டது, அதையே நாமும் வைத்துக்கொள்ளலாம். கிரந்தம் வேண்டாம் என்பவர்கள் ‘சுப்டான்’ என்று எழுதட்டும், அதையும் மாற்றுவடிவமாகப் பட்டியலில் தரலாம்.

சரி, துணைச்சொற்கள். ரசத்தை எடுக்கும் வேலைக்குச் ‘சுரண்டல்’ என்று ஒருவர் போட்டிருந்தார். அது உழைப்புச் சுரண்டலைத்தான் நினைவூட்டும். ‘ரசம் போன கண்ணாடி’ என்று வீட்டில் சொல்கிறோமே, அந்த ரசத்தையே எடுத்துக்கொண்டு ‘ரசநீக்கம்’ எனலாம். ரசமும் வெறும் கண்ணாடியும் சந்திக்கும் விளிம்புக்குப் ‘பொருத்துக்கோடு’. சிறிய மாதிரிக்குச் ‘சிற்றுரு’ ஏற்கெனவே ஒப்புக்கொண்டதுதான். ஆடிக்குப் பின்னால் நடிகர் நிற்கும் தளத்துக்கு மட்டும் எனக்கு நல்ல சொல் அகப்படவில்லை. ‘ஊடுதளம்’ என்று தற்காலிகமாக வைத்திருக்கிறேன். படப்பிடிப்புத் தளத்தில் வேலை பார்த்தவர்கள் இதைவிடப் புழக்கமான ஒன்றைத் தந்தால் உடனே மாற்றிவிடலாம்.