பரமீசியத்தை நேரில் பார்த்த அனுபவங்கள்

பரமீசியம் என்பது குளத்து நீரில் வாழும் ஒரே செல் உயிரி. பாடப்புத்தகத்தில் அது சமர்த்தாக நிற்கும், பாகம் பாகமாகப் பெயர் எழுதலாம். நுண்ணோக்கியின் ஸ்லைடில் இருப்பது அப்படியில்லை. குளத்து நீரில் காய்ந்த புல்லை ஊறப்போட்டு, சில நாள் கழித்து ஒரு சொட்டு எடுத்து வைத்தேன். குறுக்கே ஏதோ ஓடியது, அவ்வளவுதான் தெரிந்தது. அதன் நீளமே கால் மில்லிமீட்டர் அளவுதான். ஆனால் ஒரு நொடியில் தன் நீளத்தைப் போல நாலு மடங்கு தூரம் போய்விடும். அதுவும் நேராக இல்லை, உருண்டுகொண்டே.

பஞ்சைப் பிரித்துச் சில இழைகளைச் சொட்டுக்குள் போட்டதும் வேகம் அடங்கியது. இழையில் முட்டினால் பின்வாங்கும், கொஞ்சம் திசை மாறும், மறுபடி முன்னே போகும். உடல் முழுக்க இருக்கும் சிலியாக்கள், அதாவது நுண்ணிய மயிரிழைகள், பின்வாங்கும்போது எதிர்ப்பக்கமாக அடிக்கின்றன. மூளையும் இல்லை, நரம்பும் இல்லை!

என்னை உட்கார வைத்தது சுருங்கும் குமிழிதான். முன்பக்கம் ஒன்று, பின்பக்கம் ஒன்று. தெளிந்த ஒரு வட்டம் மெல்லப் பெரிதாகும், சட்டென்று மறையும். மறைந்த இடத்தைச் சுற்றி ஆரம் ஆரமாகக் கால்வாய்கள் வீங்கித் தெரியும். அவை வடிந்து மறுபடி வட்டம் உருவாகும். உள்ளே கரைந்திருக்கும் பொருள்களின் செறிவு குளத்து நீரைவிட அதிகம் என்பதால் தண்ணீர் ஓயாமல் உள்ளே ஊறிக்கொண்டே இருக்கிறது. ஓட்டைப் படகில் நீர் இறைப்பவர் போல இதுவும் இறைத்துக்கொண்டே இருக்க வேண்டும். படத்தில் இது வெறும் வட்டமாகக் கிடப்பது அநியாயம்.

*

அந்தக் குமிழியை இன்னும் கொஞ்சம் சோதிக்கலாம். ஸ்லைடின் ஓரத்தில் மிக நீர்த்த உப்புக் கரைசல் ஒரு சொட்டு விடுங்கள். ஊறும் நீர் குறைவதால் சுருக்கங்களுக்கு நடுவே இடைவெளி நீளும். உப்பு கூடினால் உயிரே வற்றிப்போகும், பார்த்துச் செய்யுங்கள்.

எனக்குப் பிடித்தது பரமீசியம் சாப்பிடுவதைப் பார்ப்பது. ஈஸ்டைக் காங்கோ ரெட் சாயத்தோடு கொதிக்கவைத்து, ஆறவிட்டுக் கொடுத்தோம். (சாயம் நச்சு, கையுறை அவசியம்.) சிலியாக்கள் ஈஸ்டை வாய்ப்பள்ளத்துக்குள் அள்ளித் தள்ள, அடியில் உணவுக் குமிழி உருண்டு கழன்று உடலுக்குள் சுற்றக் கிளம்பும். முதலில் சிவப்பு. உள்ளே அமிலம் ஏற ஏற நீலமாகும். அப்புறம் அமிலம் குறைந்து மறுபடி சிவப்பு வரும். செரிமானம் என்று ஒரு வரியில் படித்தது இதைத்தான்.

*

ஒட்டிக்கொண்டிருக்கும் இரண்டு பரமீசியங்களைப் பார்த்தால் உடனே ‘இனப்பெருக்கம்’ என்று குறித்துவிடாதீர்கள். நடுவில் இடுப்பு ஒடுங்கி, முன்னும் பின்னுமாக இருந்தால் அது பிளவு, ஒன்று இரண்டாகிறது. பக்கவாட்டில் வாயோடு வாய் ஒட்டியிருந்தால் அது இணைவு. பரமீசியத்துக்குள் சிறிதும் பெரிதுமாக இருவகை நியூக்ளியஸ் (செல்லின் உட்கரு) உண்டு. இணைவில் இரண்டும் சிறுநியூக்ளியஸின் பங்கை மாற்றிக்கொண்டு பிரிந்துவிடும். எண்ணிக்கை அப்போது கூடாது, இரண்டு இரண்டாகவே இருக்கும். பழைய பெருநியூக்ளியஸ் சிதைந்து புதிது உருவாகும். ஆனால் அதைப் பார்க்க வேண்டுமென்றால் நியூக்ளியஸுக்குச் சாயம் ஏற்ற வேண்டும்.