'கோய்' (coy) என்ற ஆங்கிலச் சொல்லுக்குத் தமிழில் என்ன?

கேள்வி: 'கோய்' என்பதற்கு அகராதியில் 'வெட்கப்படும்' என்று இருக்கிறது. அப்படியானால் 'ஷை'க்கும் (shy) அதற்கும் என்ன வேறுபாடு?

பதில் 1: 'ஷை' இயல்பான கூச்சம். 'கோய்' தெரிந்தே காட்டும் வெட்கம். விருப்பம் உள்ளே இருக்கும், முகம் மட்டும் திரும்பிக்கொள்ளும். 'பொய்நாணம்' பொருந்தும். பேச்சில் 'பிகு பண்ணுவது' இன்னும் நெருக்கம், ஆனால் அதில் காதல் குறும்பு குறைவு. புதிய இடத்தில் பேசத் தயங்கும் குழந்தையை 'கோய்' என்றால் தவறு.

பதில் 2: வேர் லத்தீனின் 'குயேட்டஸ்', அதாவது அமைதியான. பழைய பிரெஞ்சு வழியாக 14ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்தது. 'குவயட்' (quiet) இதன் உடன்பிறப்பு. அமைதி அடக்கமாகி, அடக்கம் பாசாங்காகத் திரிந்தது, அழகான நகர்வு! 'டிகாய்' (decoy, ஏமாற்றி இழுக்கும் பொறி) என்ற சொல்லை இதோடு சேர்க்காதீர்கள். அது கூண்டைக் குறிக்கும் டச்சுச் சொல்லிலிருந்து வந்தது.

பதில் 3: செய்திகளில் வேறு பொருளும் உண்டு. ஒரு நிறுவனம் தன் திட்டம் 'பற்றி கோய்' என்றால் விவரம் சொல்லாமல் நழுவுகிறது என்று பொருள். அங்கே 'நாணம்' என்று மொழிபெயர்த்தால் வாக்கியமே கெடும். 'பிடிகொடுக்காமல்' என்று எழுதுங்கள்.