கலைச்சொல் வேண்டுகோள்: 'சர்வைவர்ஷிப் பயஸ்' – பிழைத்தோரா, எஞ்சியோரா, உய்ந்தோரா?

ம. (திருச்சிராப்பள்ளி) எழுதியது:

குழுவினருக்கு வணக்கம். இளநிலை முதலாண்டு மாணவர்களுக்காக எழுதிவரும் புள்ளியியல் துணைநூலின் மூன்றாம் இயலை வரும் வெள்ளிக்கிழமைக்குள் அச்சகத்துக்கு அனுப்ப வேண்டும். அதில் 'சர்வைவர்ஷிப் பயஸ்' என்பதற்கு மட்டும் இன்னும் சொல் அமையவில்லை. ஒரு வடிகட்டலைக் கடந்து வந்தவர்களை மட்டுமே பார்த்து, அவர்களிடம் காணும் பண்புகளே அவர்களைக் கடக்கச் செய்தன என்று முடிவு கட்டுகிற பிழையை இது குறிக்கும். வழக்கமான எடுத்துக்காட்டு ஆபிரகாம் வால்ட் 1943-இல் செய்த போர்விமான ஆய்வு. திரும்பி வந்த விமானங்களில் குண்டுத் துளைகள் இல்லாத பகுதிக்கே கவசம் வேண்டும், ஏனெனில் அங்கே அடிபட்டவை திரும்பி வரவில்லை என்பது அதன் சாரம்.

மாணவர்களுக்கு நெருக்கமாக இருக்கட்டும் என்று 2021-இல் வெளிவந்த கொரியத் தொடரான 'ஸ்குவிட் கேம்' கதையைச் சேர்த்திருக்கிறேன். தோற்றால் உயிர்போகும் ஆட்டங்களை 456 பேர் ஆடுகிறார்கள், ஒருவர் மிஞ்சுகிறார். கி-ஹுன் ஏன் மிஞ்சினான் என்று வகுப்பில் கேட்டால், அவன் இரக்கமுள்ளவன், அதனால் பிழைத்தான் என்றே பெரும்பாலோர் சொல்கிறார்கள். இரக்கமுள்ள அலி செத்துப்போனானே என்று கேட்டால் வகுப்பு அமைதியாகிவிடுகிறது. நான் தற்காலிகமாக 'பிழைத்தோர் சார்பு' என்று எழுதியிருக்கிறேன். இதனினும் நல்ல சொல் இருந்தால் தெரிவிக்க வேண்டுகிறேன்.

செ. (திருநெல்வேலி) எழுதியது:

ம. அவர்களுக்கு வணக்கம். சொல்லின் முற்பாதி பொன்னான தேர்வு. பிழைத்தல் என்னும் ஒரே வினை உயிர் தப்புதலையும் தவறு செய்தலையும் குறிக்கிறது என்பதை இங்கே எவரும் இன்னும் சுட்டவில்லை. 'பிழைத்துணர்ந்தும் பேதைமை சொல்லார்' என்னும் 417ஆம் குறளில் அது தவறாக உணர்தல். 'பெரியார்ப் பிழைத்தொழுகு வார்' என்னும் 896-இலும் தவறுதான். உயிரோடு இருத்தலுக்கு வள்ளுவர் அதே குறளில் 'எரியால் சுடப்படினும் உய்வுண்டாம்' என்று வேறு சொல்லை ஆள்கிறார். தப்பு என்பதும் இப்படியே இருபொருள் தரும், தப்பிப்பதும் தப்பு, குற்றமும் தப்பு. தவறு என்பது இன்னும் வேடிக்கை: தவறினால் குற்றம், ஆள் 'தவறிவிட்டார்' என்றால் இறப்பு. பிழைப்பு என்று ஈறு சேர்த்தாலோ அது வயிற்றுப்பாடாகிவிடும். அந்த ஆட்டத்துக்குள் நுழைந்த கடனாளிகள் அத்தனை பேரும் பிழைப்புத் தேடித்தானே வந்தார்கள்? ஆகவே பிற்பாதியை மாற்றி 'பிழைத்தோர் பிழை' என்று வைத்துவிடுக. மொழியே தொடைநயத்தோடு எடுத்துக் கொடுக்கும்போது வேறெங்கும் தேட வேண்டியதில்லை.

ந. (யாழ்ப்பாணம்) எழுதியது:

செ. ஐயாவின் சொல் செவிக்கு இனிது, ஆனால் பாடநூலுக்கு ஆகாது. பரீட்சைத் தாளில் 'பிழைத்தோர் பிழை யாது' என்று கேட்டால், பிழைத்தவர்கள் செய்த குற்றம் என்ன என்றே பிள்ளைகள் விளங்கிக்கொள்வார்கள். சக ஆட்டக்காரனான சாங்-வூ அலியின் கோலிக்குண்டுகளுக்குப் பதிலாகக் கற்களை வைத்து ஏமாற்றிய கதையை எழுதிவைத்து முழுப் புள்ளியும் கேட்பார்கள்.

ம. அவர்களின் 'சார்பு' அதைவிடச் சிக்கலானது. கணிதத்தில் சார்பு என்றால் உங்களுக்கும் எங்களுக்கும் ஒரே பொருள்தான், எக்ஸ் கொடுத்தால் வை தருவது. ஒரே நூலில் அதையே இரண்டு கருத்துகளுக்கு ஆளுவது முறையன்று. எங்கள் பௌதிகப் புத்தகங்களில் டயோடின் 'ஃபார்வர்ட் பயஸ்' என்பதை 'முன்முகக் கோடல்' என்று எழுதுகிறோம், அங்கே 'முன்னோக்குச் சார்பு' என்கிறீர்கள். ஒரு பக்கம் சாயாமையை 'ஒருபால் கோடாமை' என்று 118ஆம் குறளே சொல்வதால் கோடல் தூய தமிழும் ஆகும். 'பிழைத்தோர் கோடல்' என்பது என் பரிந்துரை.

இ. (சென்னை) எழுதியது:

நான் தொடர்களுக்குத் தமிழ் வசனம் எழுதிப் பிழைப்பவள் என்பதால் இந்தச் சொல்லின் முற்பாதியைப் பற்றி மட்டும் பேசுகிறேன். ஒருவர் ஏன் உயிரோடு இருக்கிறார் என்பதற்கான தீர்ப்பு வினைச்சொல்லுக்குள்ளேயே ஒளிந்திருக்கிறது. தப்பினான் என்றால் அவன் முயற்சி. பிழைத்தான் என்றால் அவன் நல்ல நேரமும் கெட்டிக்காரத்தனமும். உய்ந்தான் என்றால் ஏதோ ஓர் அருள். எஞ்சினான் என்று சொன்னால் மட்டுமே அவன் பக்கம் எந்தப் பெருமையும் சேர்வதில்லை, மற்றவர்களைக் கழித்த பிறகு அவன் இருக்கிறான், அவ்வளவே. பயஸ் என்று நாம் கண்டிக்க வருவதே அந்தப் பெருமையைச் சேர்க்கும் பழக்கத்தைத்தான் என்றால், அதைச் சொல்லுக்குள்ளேயே வைத்துக்கொண்டு எப்படிக் கண்டிப்பது?

கி-ஹுனை ஆட்டம் ஆட்டமாகப் பாருங்கள். முதல் ஆட்டத்தில் கால் இடறி விழப்போனவனைச் சட்டைக் காலரைப் பிடித்து நிறுத்தியது அலி. கயிறு இழுத்தலில் முதல் சில நொடிகள் மல்லாந்து சாய்ந்து தாங்குவது எப்படி என்று சொல்லிக்கொடுத்தது கிழவர் இல்-நாம், எதிரணியைத் தடுமாற வைக்க மூன்றடி முன்னே போகச் சொன்னது சாங்-வூ. கோலியாட்டத்தில் மறதிக்காரர் என்று நினைத்து அவன் ஏமாற்றிய அதே கிழவர், எல்லாம் தெரிந்தே தம் கடைசிக் கோலியை அவன் கையில் வைத்தார். இறுதி ஆட்டத்தில் அவன் விளையாட்டை விட்டு விலக முன்வந்தபோது சாங்-வூ தன் கழுத்தில் தானே கத்தியைச் செருகிக்கொண்டான். முழுக்க அவனுடைய மூளையால் கடந்தது, மிட்டாயில் பதிந்த வடிவத்தை உடையாமல் பெயர்த்தெடுக்கும் சர்க்கரை மிட்டாய் ஆட்டம் ஒன்றைத்தான். குடை வடிவம் அவனுக்கு வாய்த்தது, ஊசியால் குத்தினால் உடையும் என்று கண்டு, வியர்த்து வழிந்தபடி பின்பக்கத்தை நக்கி நக்கிக் கரைத்தான். அந்த ஆட்டம் என்னவென்று முன்பே ஊகித்துவிட்ட சாங்-வூ அவனிடம் வாய் திறக்கவில்லை என்பதையும் கூடவே நினைவில் வைக்க வேண்டும்.

மற்றவர்கள் கதையும் அதுதான். சே-பியோக் கோலியாட்டத்தில் வெல்லவில்லை, ஜி-யோங் வேண்டுமென்றே தன் கோலியைக் காலடியில் நழுவவிட்டாள். மி-நியோவுக்கு ஜோடியே கிடைக்கவில்லை, அதனால் அந்த ஆட்டத்தை ஆடாமலே அடுத்த ஆட்டத்துக்கு வந்துவிட்டாள். இவர்களைப் பிழைத்தோர் என்பது எனக்கு ஒப்பவில்லை. 'எஞ்சியோர்' என்று வையுங்கள், பிற்பாதியைப் புலவர்கள் பார்த்துக்கொள்ளட்டும்.

ம. (திருச்சிராப்பள்ளி) எழுதியது:

இ. அம்மையாரின் வாதத்துக்குக் கணக்கும் துணை நிற்கிறது. கண்ணாடிப் பாலத்தில் 18 வரிசை, ஒவ்வொன்றிலும் இரண்டு பலகை, ஒன்று தாங்கும், மற்றது உடையும். 16 பேர் வரிசையாகப் போகிறார்கள். முன்னவர் மிதித்துக் காட்டியதைப் பின்னவர் நினைவில் வைத்து, புதிய வரிசையில் ஊகித்து மட்டுமே காலெடுத்து வைக்கிறார் என்று கொண்டால், முதலாமவர் தாமே ஊகித்துக் கரை சேரும் வாய்ப்பு 2,62,144-இல் ஒன்று. பதினாறாமவர் வீழ வேண்டுமானால் 18 ஊகங்களில் 16 அல்லது அதற்கு மேல் பொய்க்க வேண்டும், அதற்கான வாய்ப்பு ஆயிரத்தில் ஒன்றுகூட இல்லை. கி-ஹுனின் எண் 16. என்ன ஆட்டம் என்று தெரியாமலே எண்ணுடுப்பைத் தேர்ந்தெடுக்கச் சொன்னார்கள். ஒன்றா, பதினாறா என்று அவன் தயங்கி நிற்கையில், வாழ்நாளில் ஒருமுறையேனும் முன்னால் நிற்க வேண்டும் என்று வேறொருவர் ஒன்றைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

இந்தக் கணக்கின்படி சராசரியாக 9 பேர் வீழ்ந்து 7 பேர் கடந்திருக்க வேண்டும். கதையில் கடந்தவர் மூவர். தோக்-சு என்னும் ஆட்டக்காரன் நடுவழியில் நகர மறுத்ததும், மி-நியோ அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டு குதித்ததும், கண்ணாடித் தொழிலாளி பலகைகளை ஒளிபட்டுப் பார்த்து அறிவது தெரிந்தவுடன் விளக்கை அணைத்ததும், சாங்-வூ அவரைத் தள்ளியதும் கணக்குக்குள் அடங்காதவை. முப்பதாண்டுத் திறமை இருந்தும் அவர் வீழ்ந்தார் என்பதைப் பாடத்தில் தனிப் பத்தியாக வைத்திருக்கிறேன்.

செ. (திருநெல்வேலி) எழுதியது:

எஞ்சுதல்தான் முடிவு என்றால் அதன் பெயர்வடிவம் எச்சம் இருக்க, 'எஞ்சியோர்' என்னும் நீட்டல் எதற்கு? தொல்காப்பியச் சொல்லதிகாரத்தின் கடைசி இயல் எச்சவியல். பெயரெச்சமும் வினையெச்சமும் படிக்காத பிள்ளை இல்லை. இதற்கெல்லாம் மேலாக, 'தக்கார் தகவிலர் என்பது அவரவர் எச்சத்தாற் காணப் படும்' என்னும் 114ஆம் குறள் இருக்கிறது. மிஞ்சியதை வைத்துத் தகுதியை அளப்பது என்னும் ம. அவர்களின் இலக்கணமே அது! வள்ளுவர் அதைப் பிழை என்று சொல்லவில்லை, மெய்யான அளவுகோல் என்கிறார் என்று நண்பர்கள் மறுக்கலாம், அது வேறு விவாதம். அதே நடுவுநிலைமை அதிகாரத்தில் 119ஆம் குறள் 'சொற்கோட்டம்', 'உட்கோட்டம்' என்று பயஸுக்கு இரண்டு சொற்களைத் தட்டில் வைத்து நீட்டுகிறது. ந. அவர்களின் கோடலும் இதன் உடன்பிறப்பே. ஆனால் கோடல் வெண்காந்தளுக்கும் பெயர், நன்னூலின் 'கோடன் மரபு' பாடம் கொள்ளும் முறை. கோட்டத்துக்கு அந்த மயக்கம் இல்லை. ஆகவே 'எச்சக் கோட்டம்'.

பரிமேலழகர் அந்த எச்சத்துக்கு மக்கள் என்று பொருள் கொண்டதையும் இங்கே குறிப்பிட வேண்டும். 2025-இல் வந்த மூன்றாம் பருவத்தின் முடிவில், 456ஆம் எண்ணுக்குரிய கி-ஹுன் தான் விழுந்து, 222ஆம் எண்ணுக்குரியவள் அங்கேயே பெற்ற கைக்குழந்தையை வெல்ல விட்டானாம். ஆட்டத்தின் எச்சம் ஒரு மகவு! உரையாசிரியர் பக்கம் கொரியர்களும் சேர்ந்துவிட்டார்கள்.

இ. (சென்னை) எழுதியது:

ஐயா, எச்சம் என்றால் இன்று மரத்தடியில் நிறுத்திய வண்டியின் மேல் காக்கை போடுவது. கோட்டம் என்றால் வள்ளுவர் கோட்டம். இரண்டையும் சேர்த்துப் படிக்கும் மாணவர் மனத்தில் என்ன படம் எழும் என்பதைத் தங்கள் முடிவுக்கே விடுகிறேன்.

கா. (கோயம்புத்தூர்) எழுதியது:

இத்தனை நாள் மௌனமாகப் படித்துவந்தேன். பங்குச் சந்தைக் கட்டுரைகளைத் தமிழில் எழுதுபவன் என்ற முறையில் சொல்கிறேன்: எங்கள் வாசகர்கள் 'சர்வைவர்ஷிப் பயஸ்' என்றே எழுதுகிறார்கள், பேசுகிறார்கள், புரிந்துகொள்கிறார்கள். மூடப்பட்ட மியூச்சுவல் ஃபண்டுகளை விட்டுவிட்டு மிச்சமிருப்பவற்றின் சராசரியை மட்டும் காட்டினால் ஏமாறாதீர்கள் என்று ஒரு வரியில் சொல்லிவிடுகிறேன். அடைப்புக்குறிக்குள் தமிழைப் போட்டு வெளியே ஒலிபெயர்ப்பை வையுங்கள். இன்னொரு செய்தி, வால்ட் அவர்கள் 1950 டிசம்பரில் இந்தியாவில் சொற்பொழிவுப் பயணத்தில் இருந்தபோது நம் நீலகிரி மலையில்தான் விமானம் மோதி இறந்தார். திரும்பிவராத விமானங்களைப் பற்றிச் சிந்தித்தவர் என்பதால் பாடத்தில் இதையும் சேர்க்கலாம்.

செ. (திருநெல்வேலி) எழுதியது:

வெளியே ஆங்கிலம், அடைப்புக்குள் தமிழ் என்பது வீட்டுக்காரரைத் திண்ணையில் படுக்க வைப்பது. இதற்குமேல் அந்த நண்பருக்கு விடை எழுதுவதாக இல்லை.

த. (மதுரை) எழுதியது:

எல்லோரும் முதல் ஆட்டத்துக்குப் பின் நடந்ததைத் தாண்டிப் போகிறீர்கள். 255 பேர் சுடப்பட்ட பிறகு மீதமிருந்த 201 பேர் வாக்களித்தார்கள். கடைசி வாக்கு இல்-நாமுடையது, நூறுக்கு நூற்றொன்று என்னும் கணக்கில் ஆட்டம் நின்றது. எல்லோரும் வீட்டுக்குப் போனார்கள். திரும்பி வந்தவர் 187 பேர், வராதவர் 14 பேர். மெய்யாகவே உயிரைக் காத்துக்கொண்டவர்கள் அந்தப் பதினால்வர்தான், ஆனால் அவர்கள் யார், ஏன் வரவில்லை, கடனை என்ன செய்தார்கள் என்று கதை ஒரு காட்சிகூடக் காட்டவில்லை. வால்டின் துளையில்லாப் பகுதி இதுவே. கி-ஹுன் ஏன் மிஞ்சினான் என்று அலசுகிற நாம் எல்லோரும் அந்தப் பிழைக்குள்தான் உட்கார்ந்திருக்கிறோம்.

எனவே எஞ்சியோர் என்னும் சொல்லை நான் ஏற்கவில்லை. களத்துக்குள் மீந்தவரை மட்டுமே அது குறிக்கும், களத்தை விட்டே வெளியேறியவரைக் குறிக்காது. உய்தல் இரண்டையும் அடக்கும். 'எந்நன்றி கொன்றார்க்கும் உய்வுண்டாம்' என்ற 110ஆம் குறளைப் பள்ளியில் படிக்காதவர் இல்லை, ஆகவே புரியாது என்றும் சொல்ல முடியாது. நன்றி கொன்ற சாங்-வூவுக்கு உய்வில்லை என்பது வரையில் அது கதைக்கும் பொருந்துகிறது. 'உய்ந்தோர் சாய்வு' என்பது என் வாக்கு.

இ. (சென்னை) எழுதியது:

த. அவர்கள் சொன்ன பதினால்வரைப் பற்றிய கருத்து முழுவதும் உண்மை, அதைப் பாடத்தில் கட்டாயம் சேர்க்க வேண்டும். ஆனால் அவர்கள் நம் கண்ணுக்குத் தெரியாதவர்கள் என்பதுதானே சிக்கல்? தெரிகிறவர்களை வைத்து ஏமாறுவதற்குத்தான் நாம் பெயர் வைக்கிறோம். தெரிகிறவர்கள் எஞ்சியோர் மட்டுமே. அன்றியும், நன்றி கொன்றவனுக்கு உய்வில்லை என்று சாங்-வூவின் சாவை விளக்குவது, நல்லவன் அதனால் பிழைத்தான் என்று மாணவர்கள் சொன்னதன் மறுபக்கம். உய்தல் என்று வைத்தால் அந்த அறநீதி வாசனை கூடவே வரும். 'சாய்வு' எனக்கும் சம்மதம்.

ம. (திருச்சிராப்பள்ளி) எழுதியது:

அனைவருக்கும் நன்றி. அச்சகத்திலிருந்து இன்று காலையும் அழைத்துவிட்டார்கள். முற்பாதிக்கு இ. அம்மையாரின் வாதமும், பிற்பாதிக்கு மறுப்பில்லாமையும் மேலோங்கியிருப்பதால் 'எஞ்சியோர் சாய்வு' என்று எழுதி, முதல் இடத்தில் மட்டும் ஒலிபெயர்ப்பையும் அருகே கொடுத்திருக்கிறேன். பதினால்வர் பற்றிப் பயிற்சி வினா ஒன்று சேர்ந்திருக்கிறது. வால்ட் நீலகிரியில் இறந்த செய்தி அடிக்குறிப்பில் இருக்கிறது. கோப்பை அனுப்பிவிட்டேன்.

செ. (திருநெல்வேலி) எழுதியது:

என் மறுப்பைப் பதிவு செய்க. இருபொருள் தரும் பிழையை விட்டுவிட்டு ஒரு பொருளும் முழுதாகத் தராத எஞ்சியோரைப் பிடித்திருக்கிறீர்கள். 'எச்சச் சாய்வு' என்றாவது வைத்திருக்கலாம். 'தோர்' என்னும் ஈற்றில் நாவுக்கு உள்ள இடறல் 'யோர்' என்பதில் இல்லை என்பதை மட்டும் ஒப்புக்கொள்கிறேன்.

ந. (யாழ்ப்பாணம்) எழுதியது:

கோப்பு போய்விட்டது என்பதை அறிந்தே எழுதுகிறேன். சார்பை நான் மறுத்தது அது கணிதத்தில் வேறு பொருளுக்கு உரிய சொல் என்பதால். நேர்கோட்டின் சரிவை நாங்கள் படித்திறன் என்கிறோம், தமிழ்நாட்டுப் பாடநூல்களில் அதற்குச் 'சாய்வு' என்றே இருக்கிறது. ம. அவர்களின் நூலில் தொடர்புப்போக்குக் கோடு பற்றிய இயல் இருந்தால், அதன் சாய்வை என்னவென்று எழுதியிருக்கிறார் என்று அறிய விரும்புகிறேன்.

ம. (திருச்சிராப்பள்ளி) எழுதியது:

ஏழாம் இயல். சாய்வு என்றே எழுதியிருக்கிறேன்.